செத்த மாட்டுக்குத் தடுப்பூசி

என்னிடம் மாடு கிடையாது. எப்போதும் இருந்ததில்லை. பாக்கெட் பாலில் காபி போட்டுக் குடிக்கிறவள் நான். ஆனால் அரசாங்கத்தைக் கேட்டால் எங்கள் வட்டாரத்திலேயே பெரிய மாட்டுக்காரி நான்தான் என்று சொல்லும். இந்த மாட்டுக்கு ஊசி போட்டாயிற்று, அந்த மாடு சினை, இன்னொன்றுக்குக் குடற்புழு மருந்து கொடுக்கும் நாள் நெருங்குகிறது என்று வேளை கெட்ட வேளையில் என் போன் சிணுங்கும்.

காரணம் சிக்னல். பண்ணைக்காட்டிலிருந்து தாண்டிக்குடி போகும் ரோட்டில் ஒரு வளைவில் எனக்குத் தவிடு, புண்ணாக்குக் கடை இருக்கிறது. சுற்றியுள்ள குடியிருப்புகள் எல்லாம் பள்ளத்தில், காபித் தோட்டங்களுக்கு நடுவில். அங்கே போன் வைத்திருப்பவர்கள் அதில் மணி பார்க்கலாம், பேரப்பிள்ளை படம் பார்க்கலாம். பேச வேண்டுமென்றால் மேடேறி என் கடைக்கு வர வேண்டும். மாடுகளுக்குக் காதில் கம்மல் குத்திப் பதிவு செய்ய வேண்டும் என்று உத்தரவு வந்தபோது கால்நடை ஆஸ்பத்திரிக்காரர்களும் என் கடை வாசலில்தான் முகாம் போட்டார்கள்.

கம்மல் என்று நாங்கள் சொல்வது மஞ்சள் பிளாஸ்டிக் வில்லை. அதில் பன்னிரண்டு இலக்கத்தில் ஓர் எண் இருக்கும். இடுக்கி மாதிரி ஒரு கருவியில் மாட்டி, காதில் வைத்து ஒரே அமுக்காக அமுக்கினால் பின்பக்கம் பூட்டிக்கொள்ளும். குத்துவது ஒரு நொடி வேலை, பதிவுதான் நீளம். மாட்டுக்காரர் பெயர், ஆதார், போன் நம்பர் எல்லாம் வேண்டும். போனுக்கு ஓ.டி.பி. வரும், அதைச் சொன்னால்தான் முடியும். வந்தவர்களில் பாதிப் பேர் போனை வீட்டில் வைத்துவிட்டு வந்திருந்தார்கள். மீதிப் பேர் ரீசார்ஜ் செய்யவில்லை. "கடக்காரம்மா நம்பரப் போட்டுக்கங்க சார்" என்று ஒருவர் ஆரம்பித்தார். போனால் போகிறது என்று நானும் தலையாட்டினேன். அதற்குப் பிறகு யாரும் என்னைக் கேட்கவே இல்லை. வரிசையில் நின்ற எல்லோரும் என் நம்பரை என்னைவிட வெரசாகச் சொன்னார்கள்.

அன்றைக்கு எனக்கு வியாபாரம் ஓடவில்லை, வேடிக்கைதான் ஓடியது. எதையும் நோண்டிக் கேட்பது என் பிறவிக் குணம். இந்த எண்ணில் எந்த இலக்கம் நம்ம ஜில்லாவைக் குறிக்கிறது என்று டாக்டரைக் கேட்டேன். எதையும் குறிக்கவில்லை, சும்மா ஓர் எண் என்றார். எனக்குச் சப்பென்று ஆகிவிட்டது. என்ன இனம் என்று வருகிற இடத்தில் எங்கள் மலைமாடுகளுக்கெல்லாம் 'வகை அறியாதது' என்று தட்டிக்கொண்டே போனார். "யாருக்குத் தெரியாது? இதோட ஆத்தா, ஆத்தாளோட ஆத்தா வரைக்கும் இங்க நிக்கிற எல்லாருக்கும் தெரியும்" என்று சண்டைக்குப் போனேன். செயலியில் அப்படித்தான் இருக்கிறது என்றார். கொடைக்கானல் பஸ் ஸ்டாண்டு வரைக்கும் வந்து நிற்கிற காட்டெருமைகளுக்குக் கோமாரி நோய் வராதா, அதுகளுக்கு ஏன் ஊசியும் இல்லை கம்மலும் இல்லை என்றும் கேட்டேன். "நீங்க பிடிச்சுக் குடுங்கம்மா, நான் குத்துறேன்" என்றார். மனிதர் என்னிடமிருந்து தப்பித்தால் போதும் என்று இருந்திருப்பார்.

அந்த வரிசையில் கடைசியாக நின்றவளைப் பற்றித்தான் சொல்ல வந்தேன். கீழே காபி எஸ்டேட்டில் அவளுக்குக் கூலி வேலை. சின்னப் பிள்ளையாக இருக்கும்போது இலங்கைத் தேயிலைத் தோட்டத்திலிருந்து பெற்றோருடன் கப்பலில் வந்து இறங்கியவள். அவர்கள் இருக்கிற வீட்டு வரிசையை ஊரே காலனி என்கிறது, அவள் மட்டும் இன்னும் லயம் என்பாள். ஒரு பசு வைத்திருந்தாள். சாம்பல் நிறம் என்பதால் மயிலை என்று கூப்பிடுவாள். அதன் கன்றுக்குட்டி சிவப்பு, அது செவலை. மழைமாதங்களில் எஸ்டேட்டில் வேலை இருக்காது. அப்போதெல்லாம் மயிலையின் பால்தான் அந்த வீட்டுக்குச் சோறு போட்டது.

மற்றவர்கள் கம்மல் குத்திய கையோடு மாட்டை ஓட்டிக்கொண்டு போய்விட்டார்கள். இவள் மட்டும் மயிலையின் காதைப் பிடித்துக்கொண்டு, அந்த எண்ணை வாசிக்கச் சொல்லி என்னிடம் நின்றாள். நான் வாசித்தேன், அவள் திருப்பிச் சொன்னாள். பிசகாமல் வரும் வரைக்கும் விடவில்லை.

"எதுக்குத்தா இத மனப்பாடம் பண்ணுற?" என்றேன்.

"நம்பரு இல்லாம எங்காளுங்க பட்ட பாடு ஒங்களுக்குத் தெரியாதுக்கா. அங்க இருக்கையில நீ இந்தியாக்காரின்னான். இங்க வந்து எறங்குனா சிலோன்காரின்னான். இப்ப மாட்டுக்கே பிரஜாவுரிமை குடுத்துட்டாங்க. நல்லா இருக்கட்டும்."

அன்றிலிருந்து கடைக்கு வந்தால் மயிலைக்குத் தவிடு என்று கேட்க மாட்டாள். "எழுபத்தொண்ணு நாப்பத்திரண்டுக்குத் தவிடு குடுங்கக்கா" என்பாள். கம்மலின் கடைசி நாலு இலக்கம் அது. கேட்டுக் கேட்டு எனக்கும் மனப்பாடம் ஆகிவிட்டது.

போன ஐப்பசி மழையில் கொஞ்ச நாள் அவள் கடைப்பக்கமே வரவில்லை. ஒருநாள் வழியில் பார்த்து விசாரித்தபோது குரலைத் தாழ்த்தி, "மயிலை போயிருச்சுக்கா, வெளிய யாருகிட்டயும் சொல்லிறாதீங்க" என்றாள். மாடு செத்ததில் மறைக்க என்ன இருக்கிறது என்று எனக்கு வாய்வரை வந்தது. அவள் முகத்தைப் பார்த்து அடக்கிக்கொண்டேன். எனக்கு அது பெரிய காரியம்.

அதற்குள் செவலை வளர்ந்து தலைச்சினையாக இருந்தது. எங்கள் பக்கம் கறவை இல்லாத மாடுகளை வீட்டில் கட்டிப்போட்டுத் தீனி போட மாட்டார்கள். நாலைந்து வீட்டு மாடுகளைச் சேர்த்துக் காட்டோரம் விரட்டிவிடுவார்கள். வாரத்துக்கு ஒருவர் முறைவைத்து உப்பு எடுத்துக்கொண்டு போய், கூப்பிட்டுக் கொடுத்து, எல்லாம் சரியாக இருக்கிறதா என்று பார்த்துவிட்டு வருவார். செவலையும் அப்படித்தான் போனது. ஒரு வாரம் உப்புக்குப் போனவர் திரும்பி வந்து செவலையைக் காணோம் என்றார். இவள் வேலையை விட்டுவிட்டு ஓடை ஓடையாகத் தேடினாள். சிறுத்தை அடித்திருக்கும் என்றார்கள் சிலர். களவுபோய்ச் சந்தைக்குப் போயிருக்கும் என்றார்கள் சிலர். ஒரு சாயங்காலம் என் கடையில் தவிட்டு மூட்டைமேல் உட்கார்ந்துவிட்டாள்.

"அது ஈனுனாத்தான்க்கா எனக்கு இந்த மழைய ஓட்ட முடியும். இல்லாட்டி லயத்தப் பூட்டிப்புட்டு மில்லு வேலைக்குக் கீழ எறங்க வேண்டியதுதான். இந்த வயசுல எந்த மில்லுல சேப்பான்?"

டீ போட்டுக் கொடுத்தேன்.

இது நடந்து சில வாரம் கழித்து, நான் சரக்கு இறக்கிக்கொண்டிருந்தபோது தெரியாத நம்பரிலிருந்து போன் வந்தது. பெண் குரல். "அம்மா, உங்க மாட்டுக்குக் கோமாரி ஊசி போட்டிருக்கோம். ஓ.டி.பி. வந்திருக்கும், சொல்லுங்க."

மாட்டுச் சேதி வருமே தவிர, அதுவரை யாரும் கூப்பிட்டு ஓ.டி.பி. கேட்டதில்லை. ஓ.டி.பி. கேட்கிறவர்கள் எல்லாம் திருடர்கள் என்று ஊர் உலகமே சொல்லிக்கொண்டிருக்கிற காலம். "எங்கிட்ட மாடே இல்ல. வெட்கமா இல்ல ஒனக்கு? பொம்பளப் பிள்ளைக்கு இந்தப் பொழப்பு எதுக்கு?" என்று நன்றாக நாலு கேள்வி கேட்டு வைத்தேன். மறுபடி அடித்தது. இந்த முறை அந்தக் குரலிலும் சூடு ஏறியிருந்தது. "நான் கால்நடை டாக்டர்மா. ஆடலூர் பக்கம் ஒரு தோட்டத்துல நிக்கிறேன். கம்மல் நம்பர் எழுபத்தொண்ணு நாப்பத்திரண்டுல முடியுது. உங்க மாடா இல்லையா?"

நான் மூட்டையைக் கீழே வைத்தேன். எழுபத்தொன்று நாற்பத்திரண்டு மயிலை. மயிலை செத்து மாதக்கணக்காகிறது. செத்த மாட்டுக்கு ஆடலூரில் எப்படி ஊசி போடுவார்கள்? டாக்டர் எண்ணைத் தப்பாகப் படித்திருப்பாரோ? அப்படியென்றால் ஓ.டி.பி. என் போனுக்கு வந்தது எப்படி? அல்லது அவள் மயிலையை விற்றுவிட்டுச் செத்துப்போச்சு என்று என்னிடம் பொய் சொன்னாளோ? அப்படி இருந்தால் கம்மலோடு அல்லவா விற்றிருப்பாள், ஊருக்குத் தெரியக் கூடாது என்பதும் பொருந்துகிறதே என்று என் மூளை கண்டபடி ஓடியது. ஓ.டி.பி.யைச் சொல்லிவிட்டு, அந்தத் தோட்டம் எங்கே இருக்கிறது என்று கேட்டு வைத்துக்கொண்டேன். கடையைச் சாத்திவிட்டு நேராகப் பள்ளத்தில் இறங்கினேன். அவளிடம் கேட்காமல் எனக்குச் சோறு இறங்கியிருக்காது.

அவள் வாசலில் விறகு அடுக்கிக்கொண்டிருந்தாள். "ஏத்தா, உம் மயிலைக்கு ஆடலூர்ல ஊசி போட்டிருக்காங்களாம்" என்றேன். முகம் எப்படிப் போகிறது என்று பார்க்கத்தான் அப்படிப் போட்டேன்.

விறகைப் போட்டுவிட்டு என் கையைப் பிடித்தாள். "செவலக்கா! அது என் செவல!"

எனக்கு ஒன்றும் புரியவில்லை. அவள்தான் இழுத்து உட்காரவைத்துச் சொன்னாள். மயிலை செத்ததும் காது கிழியாமல் அந்தக் கம்மலை வெட்டி எடுத்திருக்கிறாள். கோணி ஊசியைக் காய்ச்சி செவலையின் காதில் ஓட்டை போட்டு, செம்புக் கம்பியால் கம்மலைக் கட்டிவிட்டிருக்கிறாள். முகாம் நடந்த அன்று செவலை குட்டியாக இருந்ததால் அதற்கென்று தனிக் கம்மல் குத்தியிருக்கவில்லை.

"அட கிறுக்கு! செத்ததச் சொன்னா இதுக்குப் புதுசாக் குத்தியிருப்பாங்களே!"

"சொன்னா பேர வெட்டிருவாங்கக்கா" என்றாள். எஸ்டேட் பதிவிலிருந்து ஆளை நீக்குவதை அவர்கள் அப்படித்தான் சொல்வார்கள். "நாங்க கப்பல்ல வந்து எறங்குன வருசமே எங்கப்பா செத்துட்டாரு. எங்கம்மா நேர்மையாப் போயி ஆபீஸ்ல சொல்லுச்சு. அவரு பேருலதான் குடும்ப அட்டை, அவரு பேருலதான் வீடு தர்றதா இருந்துச்சு. பேர வெட்டுனாங்க, எல்லாமே நின்னு போச்சு. அம்மா நடையா நடந்துச்சு. அதுலருந்து எங்க வீட்ல ஒரு நம்பரு வந்துட்டா அத விடுறதில்ல. மயிலை போயிட்டா, மகளுக்குத்தான அது சேரணும்?"

அப்பா பெயரில் இருந்த வீட்டையே கேட்டு வாங்க முடியாதவர்கள், மாட்டின் நம்பரையாவது மகளுக்கு எழுதிவைக்கலாம் என்று நினைத்ததில் என்ன தப்பு என்று ஒரு நிமிடம் எனக்கும் தோன்றிவிட்டது.

மறுநாள் வெள்ளனே கிளம்பி, பஸ் ஏறி, ஜீப் மாறி, ஆடலூருக்கு முன்னால் இறங்கி நடந்தோம். நான் போனில் சொல்லி வைத்திருந்ததால் டாக்டரம்மாவும் வந்திருந்தார். முப்பது வயதுக்குள் இருக்கும். "நீங்கதானே என் பொழப்பப் பத்தி விசாரிச்சது?" என்று என்னைப் பார்த்துக் கேட்டார். நான் மிளகுக்கொடியைப் பார்த்தேன்.

கொட்டகையில் செவலை கட்டிக்கிடந்தது, வயிறு நன்றாகத் தள்ளியிருந்தது. இவள் மடியிலிருந்து உப்பை எடுத்து நீட்டினாள். அது நக்கியது. நானும் கொஞ்சம் வாங்கி நீட்டினேன், அதையும் நக்கியது. தோட்டக்காரர் கையை நீட்டினார், உப்பே இல்லாத அந்தக் கையையும் நக்கியது. அடையாளம் சொல்லும் என்று அதை நம்பி வந்திருந்தால் எங்கள் கதி அவ்வளவுதான்.

தோட்டக்காரர் கெட்டவர் இல்லை, கறாரானவர். "நான் ஒண்ணும் களவாணி இல்லம்மா. எந் தோட்டத்துக்குள்ள தானா வந்து நின்னுச்சு. அக்கம்பக்கம் பூரா விசாரிச்சேன், ஒருத்தரும் வரல. சினமாடுன்னு தீனி போட்டுப் பாத்துக்கிட்டேன். இப்ப ரெண்டு பேரு வந்து எங்க மாடுன்னா, நாளைக்கு இன்னும் ரெண்டு பேரு வருவாங்க. டாக்டரம்மா இவங்க மாடுதான்னு சொல்லட்டும், அவுத்து விடுறேன்."

டாக்டர் போனில் எண்ணைத் தட்டினார். மாட்டுக்காரி பெயர் சரியாக இருந்தது. போன் நம்பர் என்னுடையது. அதற்குக் கீழே படித்தவர் புருவத்தைச் சுருக்கினார். "நிறம் சாம்பல்னு இருக்கு. வயசு பத்து. அஞ்சு ஈத்து."

எல்லோரும் செவலையைப் பார்த்தோம். அது செக்கச் செவேலென்று நின்றது.

"அது மயிலதாங்க" என்றாள் இவள். "மழையில நனஞ்சு நனஞ்சு நெறம் மாறிருச்சு."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. டாக்டர் போய் மாட்டின் வாயைத் திறந்து பல்லைப் பார்த்தார். "இதுக்கு இன்னும் பால் பல்லே முழுசா விழல" என்றார். "பல்லும் மழைக்கு மறுபடி மொளச்சிருச்சோ?" என்றார் தோட்டக்காரர். டாக்டர் காதைத் திருப்பினார். பூட்டு இருக்க வேண்டிய இடத்தில் செம்புக் கம்பி இருந்தது.

"இத பாருங்கம்மா" என்று அவளிடம் பொறுமையாகவே சொன்னார். "இந்த நம்பர் மயிலையோடது. மயிலை உயிரோட இருக்குன்னு நீங்க சொல்ற வரைக்கும், இந்தச் செவல நம்பரே இல்லாத மாடு. நம்பர் இல்லாத மாட்ட உங்களுதுன்னு நான் எப்படிச் சொல்ல முடியும்? அந்த மயிலை இருக்கா, இல்லையா? அத மட்டும் சொல்லுங்க."

அவள் வாயைத் திறக்கவில்லை. நான் சொல்லப் போனேன், டாக்டர் கையைக் காட்டி நிறுத்தினார். மாட்டுக்காரிதான் சொல்ல வேண்டுமாம். எனக்கு ஆத்திரம் தாங்கவில்லை. கண்ணெதிரே மாடு நிற்கிறது, ஒரு வார்த்தை சொன்னால் வீட்டுக்கு வந்துவிடும், இவள் கல்லாட்டம் நிற்கிறாள். முந்தானையைப் பிடித்து இழுத்தேன். "சொல்லித் தொலத்தா!"

"பேர வெட்டிருவாங்களேக்கா" என்றாள் என்னிடம் மட்டும்.

டாக்டர் காதில் அது விழுந்துவிட்டது. "யார் பேர?" என்றார். பிறகு என்னைப் பார்த்தார். நான் கப்பலையும் அப்பாவையும் நாலு வார்த்தையில் சொன்னேன். அவர் அவள் பக்கம் திரும்பினார். "உங்க பேர் அப்படியேதான்மா இருக்கும். மயிலை மட்டும்தான் போகும். செவலைக்கு இப்பவே, இங்கயே, உங்க பேருலயே புதுசு குத்துறேன்."

"எம் முன்னாலயே குத்துவீங்களா?"

"நீங்கதான் தலையப் புடிக்கணும்."

அவள் செவலையின் முதுகில் கையை வைத்துக்கொண்டாள். "மயிலை செத்துப் போச்சுங்க" என்றாள்.

எப்படி என்று டாக்டர் கேட்டார். அதையும் பதிய வேண்டும். "மழையில மேட்டுல ஏறயில சறுக்கி விழுந்துருச்சுங்க. எந்திரிக்கல. சாக்கப் போத்தி விட்டேன். தண்ணி குடுத்தேன். எங்கையப் பாத்துக்கிட்டே கெடந்துச்சு." டாக்டர் தட்டினார். "அவ்வளவுதான்" என்றார்.

"அம்புட்டுத்தானா?"

"அம்புட்டுத்தான்மா."

அவள் அப்படியே கொட்டகைத் தரையில் உட்கார்ந்து, வாய்விட்டு அழுதாள். மயிலை செத்து இத்தனை மாதத்தில் அவள் அழுது நான் பார்க்கவில்லை. லயத்தில் யாருக்கும் கேட்டுவிடக் கூடாது என்று அப்போது ஒரு சத்தமும் போட்டிருக்க மாட்டாள். செவலை திரும்பிப் பார்த்துவிட்டுப் புல்லைத் தின்றது. எனக்கும் கண் நிறைந்துவிட்டது. செத்ததைச் சொல்லிக்கொள்ளக்கூட ஒருத்திக்கு இத்தனை பயம் இருந்திருக்கிறது என்று நினைத்தபோது யார்மேல் என்று தெரியாத கோபமும் வந்தது.

டாக்டர் செம்புக் கம்பியை நறுக்கினார். இவள் மூக்கைத் துடைத்துக்கொண்டு எழுந்து செவலையின் தலையைப் பிடித்தாள். புதுக் கம்மல் பூட்டிக்கொள்கிற சத்தம் கேட்டது. தோட்டக்காரர் கேட்காமலே கயிற்றை அவிழ்த்து அவள் கையில் கொடுத்தார். "கன்னு ஈனுனதும் சீம்பால் கொஞ்சம் குடுத்து விடுத்தா. இம்புட்டு நாளு நானும் தண்ணி காட்டியிருக்கேன்ல" என்றார். "நானே கொண்டாந்து தாரேங்க" என்றாள்.

வாழைத்தார் இறக்கிவிட்டுக் காலியாகத் திரும்பிய ஒரு பிக்கப்பில் செவலையை ஏற்றினோம். சினைமாட்டைத் தனியாக விட முடியாது என்று நாங்களும் பின்னாலேயே அதோடு நின்றோம். புது எண்ணைப் படித்துச் சொல்லச் சொல்வாள் என்று காத்திருந்தேன், அவள் கேட்கவில்லை. தாண்டிக்குடி தாண்டியதும் கம்பியைப் பிடித்துக்கொண்டு என் பக்கம் திரும்பினாள்.

"அக்கா, எங்கம்மா பேரு இன்னும் ரேசன் அட்டையில இருக்கு. அது செத்து எம்புட்டோ வருசமாச்சு. அதையும் போயிச் சொல்லிரலாமா?"

"சொல்லிரலாம்த்தா" என்றேன். "நானும் கூட வாரேன்."